ஜாமீன் கையெழுத்து

ஜனவரி 12

தம்பிக்கு அக்கா எழுதுவது.

நீ, உன் மனைவி, குட்டி மூவரும் சுகமாக இருப்பீர்கள் என்று நினைத்துக்கொண்டுதான் பேனாவை எடுத்தேன். மாமாவுக்கு இந்தக் குளிரில் இடுப்பு வலி அதிகம். உட்கார்ந்தால் எழ முடியவில்லை, எழுந்தால் உட்கார முடியவில்லை. அதனால் சுவரில் சாய்ந்து நின்றபடியே எல்லோரையும் திட்டுகிறார். எனக்குக் காதைத் தவிர எல்லாம் சரியாக இருக்கிறது. ஆயுளில் முக்கால்வாசியை மாவு மில் பக்கத்தில் நின்று கழித்தவளுக்குக் காது மிஞ்சினால்தான் அதிசயம்.

போன வாரம் சைக்கிள் கடைக்குப் போன் செய்தாயாமே. கடைக்காரர் ஓடி வந்து என்னைக் கூட்டிப்போனார். காதில் வைத்தால் அலை அடிக்கிற மாதிரிதான் இருந்தது. நீ பேசுகிறாய் என்று அனுமானித்து "சரி, சரி" என்று சொல்லி வைத்துவிட்டேன். எதற்குச் சரி சொன்னேன் என்று எழுது. இனி போன் வேண்டாம். கடிதமே போடு.

விஷயத்துக்கு வருகிறேன். நேற்று மிளகாய் அரைக்கிற நாள். தபால்காரர் தும்மிக்கொண்டே ஒரு பதிவுத் தபாலை நீட்டினார். வங்கியிலிருந்து. உன் ஐஸ் ஃபேக்டரிக் கடனில் பல மாதத் தவணை வரவில்லையாம். இரண்டு மாதத்துக்குள் வட்டியோடு முழுவதையும் கட்ட வேண்டுமாம், இல்லையென்றால் அடமானச் சொத்தை எடுத்துக்கொள்வார்களாம். மேலே உன் பெயர், கடன் வாங்கியவர். கீழே என் பெயர், ஜாமீன்தாரர். சொத்து விவரத்தில் துறைமுகச் சாலையில் இருக்கிற உன் நிலமும் ஷெட்டும் இருக்கிறது. என் வீடும் மில்லும் இருக்கிறது.

ஃபேக்டரியை மூடிவிட்டு நீ அந்த ஊருக்கு வேலைக்குப் போகும்போது, "பேங்க்ல பேசிட்டேன்கா, சம்பளத்துல கட்டிடுவேன்" என்று சொன்னாய். அதனால் இது ஏதோ தவறி வந்த தபால் என்று நினைக்கிறேன். உனக்கும் ஒரு நகல் வந்திருக்கும். பார்த்து ஒரு வார்த்தை எழுது. மாமாவிடம் இன்னும் காட்டவில்லை. பழைய சல்லடைகளுக்கு அடியில் வைத்திருக்கிறேன்.

குட்டிக்கு என் முத்தம்.

உன் அக்கா

•

ஜனவரி 30

அன்புக்கும் மரியாதைக்கும் உரிய அக்காவுக்கு,

இங்கே நாங்கள் மூவரும் நலம். மாமாவின் இடுப்புக்கு வெந்நீர் ஒத்தடம் கொடுங்கள். குளிரில் அதிக நேரம் நிற்க விடாதீர்கள்.

உங்கள் கடிதத்தைப் படித்தேன். மனசை அலட்டிக்கொள்ள வேண்டாம் அக்கா. இதெல்லாம் வங்கியில் வழக்கமாக எல்லோருக்கும் அனுப்புகிற நோட்டீஸ்தான். ஊர் மாறி வந்ததில், வீட்டு முன்பணம் அது இது என்று சில தவணைகள் விட்டுப்போனது உண்மை. அங்கே இருந்த மேனேஜர் எனக்கு நன்றாகத் தெரிந்தவர். அவருக்கு எழுதிவிடுகிறேன். நீங்கள் வங்கிப் பக்கமே போகாதீர்கள். போனால் நாமே பயந்துவிட்டோம் என்று ஆகிவிடும். மாமாவிடமும் சொல்ல வேண்டாம். அவருக்கு ஏற்கெனவே என்னைப் பிடிக்காது.

வேலை பரவாயில்லை. பழக்கிடங்கில் குளிர் அறைகளைப் பார்த்துக்கொள்ள வேண்டும். உள்ளே ஸ்வெட்டர், வெளியே வேர்வை. அடிக்கடி வீடு மாற்ற வேண்டியிருக்கும் போலிருக்கிறது. அதனால் இனி கிடங்கு முகவரிக்கே எழுதுங்கள். எப்படியும் என் கைக்கு வந்துவிடும்.

போனில் நான் கேட்டது, "என்மேல கோபமாக்கா?" என்றுதான். நீங்கள் "சரி, சரி" என்றீர்கள்.

உங்கள் அன்புத் தம்பி

•

பிப்ரவரி 21

தம்பிக்கு,

சுகம். உங்கள் சுகத்தைக் கேட்டதாக வைத்துக்கொள். நேராக விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். நீ போகாதே என்றாய், நான் போய்விட்டு வந்தேன். இரண்டாவது தபால் வந்தபோது மாமாதான் வாசலில் நின்றிருந்தார். மறைக்க முடியவில்லை. படித்து முடித்துவிட்டுச் சட்டையை மாற்றிக்கொண்டு, "கிளம்பு" என்று கையைக் காட்டினார்.

உனக்குத் தெரிந்த மேனேஜர் இப்போது அங்கே இல்லை. கடன் வசூலுக்கு என்று கண்ணாடி போட்ட சின்ன வயதுக்காரர் ஒருவர் இருக்கிறார். நல்ல மாதிரிதான். ஆனால் அவர் மெதுவாகச் சொன்னதெல்லாம் எனக்கு விழவில்லை. கடைசியில் எழுந்து நின்று கத்தினார்.

"நீங்க ஜாமீன்தாரர்ம்மா! ஜாமீன்! ஜாமீன்!"

பணம் எடுக்க வரிசையில் நின்ற அத்தனை பேரும் திரும்பிப் பார்த்தார்கள். நான் ஏதோ ஜெயிலிலிருந்து வெளியே வந்தவள் என்று நினைத்திருப்பார்கள்.

"வாங்கினவன் அவன். முதல்ல அவன்கிட்ட கேளுங்க. அவன் கையை விரிச்சா என்கிட்ட வாங்க. அதுதானே முறை?" என்றேன்.

"அப்படி ஒரு முறை கிடையாதும்மா. இந்தக் கடன்ல அவருக்கு எவ்வளவு பொறுப்போ அவ்வளவும் உங்களுக்கும் உண்டு. யார்கிட்ட முதல்ல வசூல் பண்றதுங்கறது எங்க விருப்பம்."

"பொறுப்புல சரிபாதின்னா, வாங்கினப்ப ஏன்யா என்னைக் கூப்பிடலை?"

அவர் சிரித்துவிட்டார். பிறகு சிரித்ததற்காக முகத்தைச் சரிசெய்துகொண்டார். அவரைச் சொல்லி என்ன. நீ அன்று, "நிலம் மட்டும் போதாதாம்கா, பேருக்கு ஒரு கையெழுத்து" என்று வந்து நின்றபோது மாவுக் கையைத் துடைத்துக்கொண்டு வந்து போட்டவள் நான்தானே. ஆழம் பார்க்காமல் காலை விட்டால் தண்ணீரைக் குறை சொல்ல முடியாது.

"துறைமுகச் சாலை நிலத்தை எடுத்துக்கோங்களேன்" என்றேன். அதற்கு அவர் சொன்னதுதான் எனக்குப் புரியவில்லை. ஆள் அனுப்பிப் பார்த்தார்களாம். ஷெட்டில் கம்ப்ரஸர் இல்லையாம், மோட்டார் இல்லையாம். வெறும் உப்புத்தண்ணீர்த் தொட்டியும் துருப்பிடித்த ஐஸ் அச்சுகளும்தான் கிடக்கிறதாம். நிலத்துக்குப் போகிற பாதையிலும் தகராறாம். "உங்க வீடு கடைத்தெருவுல இருக்கு, வித்தா உடனே போகும்" என்றார். அதையும் கத்தித்தான் சொன்னார்.

கம்ப்ரஸர் திருட்டுப் போயிருந்தால் உடனே போலீஸில் எழுதிக் கொடு. அத்தனை கனமான சாமானை யார் தூக்கிப் போயிருப்பார்கள்? வரும் வழியில் மாமா என் உள்ளங்கையில் விரலால் "கம்ப்ரஸர்?" என்று எழுதினார். எனக்குத் தெரியாது என்று தலையை ஆட்டினேன்.

உடனே பதில் போடு.

அக்கா

•

மார்ச் 19

அன்புள்ள அக்காவுக்குத் தம்பியின் வணக்கங்கள்.

உங்கள் கடிதம் கிடைத்தது. நீங்களும் மாமாவும் நலமாக இருப்பது அறிந்து சந்தோஷம். இங்கே யாவரும் நலம். குட்டிக்குக் கீழே இரண்டு பல் முளைத்துவிட்டது. எதைக் கொடுத்தாலும் கடிக்கிறாள், போன மாதம் என் ஸ்பானரைக் கடித்துவிட்டு அதன்மேலேயே கோபித்துக்கொண்டாள்.

மில் எப்படி ஓடுகிறது? பெல்ட் தேய்ந்திருக்கும், மாற்றிவிடுங்கள். கல்லையும் கொத்திவிட்டால் மாவு சூடேறாது. ஒரே ஆளாக எல்லா மூட்டையையும் தூக்காதீர்கள்.

கிடங்கில் இப்போது ஆப்பிள் வரத்து. நாள் முழுக்க ஆப்பிள் வாசனையில் நிற்பதால் வீட்டில் யாரும் ஆப்பிள் கேட்பதே இல்லை. உங்கள் செலவுக்குக் கொஞ்சம் பணம் மணியார்டர் செய்திருக்கிறேன். சிறிய தொகைதான், குறையாக எடுத்துக்கொள்ள வேண்டாம். மற்ற விஷயங்கள் எல்லாம் மெல்ல மெல்லச் சரியாகிவிடும்.

மாமாவைக் கேட்டதாகச் சொல்லுங்கள்.

தம்பி

•

ஏப்ரல் 10

தம்பிக்கு,

மணியார்டர் வந்தது. மாமா வாங்க வேண்டாம் என்றார், நான் வாங்கிக்கொண்டேன். குட்டியின் பல் விஷயத்தை இரண்டு தடவை படித்தேன்.

ஆனால் நான் என்ன கேட்டேன், நீ என்ன எழுதியிருக்கிறாய்? வீடு போகப்போகிறது என்று எழுதினால் பெல்ட்டை மாற்று என்கிறாய். கிணற்றில் விழுந்தவளுக்குக் குளிக்கச் சோப்பு இருக்கிறதா என்று கேட்கிற மாதிரி இருக்கிறது.

போன திங்கட்கிழமை வங்கி ஆட்கள் வந்து மில் கதவில் நோட்டீஸ் ஒட்டினார்கள். சொத்து வங்கியின் பொறுப்பில் இருக்கிறது, யாரும் வாங்கவோ விற்கவோ கூடாது என்று கொட்டை எழுத்தில். ஒட்டிவிட்டுப் போட்டோ எடுத்தார்கள். போட்டோவில் நானும் விழுந்திருப்பேன், கையில் முறத்தோடு. மறுநாள் பேப்பரிலும் விளம்பரம் வந்தது. கோதுமை டப்பாவோடு வந்தவர்கள் எல்லோரும் முதலில் கதவைப் படித்தார்கள், பிறகு என்னைப் பார்த்தார்கள். ஒருத்தி, "இந்த வாரம் அரைக்கலாமாக்கா, இல்லே வேற மில்லு பாக்கட்டுமா?" என்று காதருகில் வந்து கேட்டாள். அவள்மேல் தப்பில்லை. வீட்டில் அடுப்பு எரிய வேண்டுமே.

மதியம் சைக்கிள் கடைக்காரர் வந்தார். நோட்டீஸைக் கிழித்துச் சுருட்டி எறிந்துவிட்டுப் போனார். எனக்கு அவரைக் கட்டிக்கொண்டு அழலாம் போலிருந்தது. ஆனால் ஒட்ட வந்த ஆள், "கிழிச்சா கேஸ் வரும்" என்று எச்சரித்திருந்தானே. எடுத்து நீவி, சுருக்கம் போக மடியில் வைத்துத் தேய்த்தேன். மில்லிலிருந்தே ஒரு கைப்பிடி மாவை அள்ளிப் பசை காய்ச்சி, நானே திரும்ப ஒட்டினேன். என் மாவு நன்றாகப் பிடிக்கிறது. இனி யார் கிழித்தாலும் வராது.

மாமா திட்டுவதை நிறுத்திவிட்டார். அதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது.

கம்ப்ரஸர் பற்றி ஒரு வரி எழுது. விற்றிருந்தால் விற்றேன் என்று சொல். கோபித்துக்கொள்வேன், வேறென்ன செய்துவிடப் போகிறேன்? உன்னைத் தூக்கி வளர்த்த கைதானே, ஓங்கினாலும் எவ்வளவு தூரம் ஓங்கும்.

அக்கா

•

மே 8

என் அன்புக்குரிய அக்காவுக்கு,

நலம், நலமறிய ஆவல். உங்கள் கடிதம் கிடைத்தது. பதில் எழுதத் தாமதமானதற்கு மன்னிக்கவும். கிடங்கில் ஒரு குளிர் அறை பழுதாகி வேலை கழுத்தை நெரித்துவிட்டது.

ஒரு நல்ல செய்தி. என்னை ஷிஃப்ட் தலைவனாக்கப் போகிறார்கள் போலிருக்கிறது. என் தொழிற்பயிற்சிச் சான்றிதழ் மாடி அறைத் தகரப் பெட்டியில் இருக்கும். மில்லில் வேலை ஓய்ந்த நேரத்தில் தேடி அனுப்ப முடியுமா? அவசரமில்லை.

மழைக்கு முன்னால் நீங்களும் மாமாவும் ஒருமுறை இங்கே வந்து தங்கிவிட்டுப் போகலாம். மில்லை நான்கு நாள் பூட்டினால் ஒன்றும் குடிமுழுகிப் போகாது. குட்டிக்கு அத்தையைக் காட்ட வேண்டும். வங்கி விஷயத்தை நான் பார்த்துக்கொள்கிறேன், நீங்கள் அதை நினைக்கவே வேண்டாம்.

உங்கள் தம்பி

•

ஜூன் 4

தம்பிக்கு,

உங்கள் மூவருக்கும் என் அன்பு. சான்றிதழ் இத்துடன் இருக்கிறது. அதன் பின்னால் இன்னொரு படிவமும் இருக்கிறது. அதைப் பற்றித்தான் இந்தக் கடிதம். மற்றதை எல்லாம் மறந்துவிடு, நான் கேட்ட கேள்விகளையும் மறந்துவிடு. இதை மட்டும் நிதானமாகப் படி.

ஒரு வக்கீலம்மாவைப் போய்ப் பார்த்தேன். எனக்காக எல்லாவற்றையும் தாளில் எழுதி எழுதிக் காட்டினார். நான் கத்த, அவர் எழுத, அடுத்த அறையில் இருந்தவர்கள் எங்களில் ஒருத்திக்குப் பைத்தியம் என்றே முடிவு செய்திருப்பார்கள். அவர் வங்கியில் பேசி ஒரு வழி கண்டுபிடித்திருக்கிறார். வட்டியில் பெரும்பகுதியை விட்டுவிடுவார்களாம். இப்போது ஒரு பங்கைக் கட்டிவிட்டு, மீதியை மில் வருமானத்திலிருந்து மாதாமாதம் கட்டலாம். ஏலத்தை நிறுத்திவைப்பார்கள். முதல் பங்குக்கு என் வளையல்கள் போய்விட்டன. மாமா வேலையிலிருந்து ஓய்வுபெற்றபோது வந்த பணத்தை இத்தனை நாள் யாரையும் தொட விட்டதில்லை. அவரே எடுத்து வந்து மேஜைமேல் வைத்தார்.

நீ காலணா தர வேண்டாம். கையெழுத்து மட்டும் போடு. சமரச விண்ணப்பத்தில் கடன் வாங்கியவர் கையெழுத்து இல்லாமல் உள்ளேயே எடுக்க மாட்டார்களாம். நான் அந்தக் கண்ணாடிக்காரரிடம் கேட்டேன்.

"என் வீட்டை எடுக்க அவன் கையெழுத்து வேண்டாம். வீட்டைக் காப்பாத்த மட்டும் அவன் கையெழுத்து வேணுமாய்யா?"

அவர் கீழே பார்த்துக்கொண்டு, "ரூல்ஸ்மா" என்றார். இந்தத் தடவை கத்தவில்லை. உதட்டைப் பார்த்துப் புரிந்துகொண்டேன்.

பென்சிலால் பெருக்கல் குறி போட்ட மூன்று இடங்களில் கையெழுத்துப் போடு. முகவரி எழுதித் தபால்தலை ஒட்டிய உறையும் உள்ளே இருக்கிறது. இந்த மாதக் கடைசிக்குள் அவர்கள் கைக்குப் போக வேண்டும். சைக்கிள் கடைக்காரரை விட்டு உன் கிடங்குக்குப் போன் பேசச் சொன்னேன். "அவர் குளிர் அறைக்குள்ள இருக்கார், கூப்பிட முடியாது" என்று இரண்டு தடவை சொல்லிவிட்டார்களாம். நேரில் வரலாம் என்றால் மாமாவால் அவ்வளவு தூரம் ரயிலில் உட்கார முடியாது, அவரை இந்த நிலையில் தனியாக விட்டு வரவும் எனக்குத் தைரியமில்லை.

கண்ணு, கையெழுத்துப் போட்டு அன்றைக்கே தபாலில் சேர்த்துவிடு. அக்கா கேட்கிறேன்.

•

ஜூலை 5

அன்புள்ள அக்காவுக்கு,

உங்கள் கடிதம் கிடைத்தது. இந்தத் தடவை உறை கனமாக இருந்தது. சான்றிதழை அனுப்பிவிட்டீர்கள் என்று தெரிந்துகொண்டேன், நன்றி. ஆனால் அந்தப் பதவியை வேறொருவருக்குக் கொடுத்துவிட்டார்கள். போகட்டும்.

குட்டி நடக்கிறாள். நாலடி நடப்பாள், விழுவாள், யார் பார்த்தார்கள் என்று திரும்பிப் பார்ப்பாள். யாரும் பார்க்கவில்லை என்றால் அழமாட்டாள்.

மழைக்கு மில் வாசலில் தண்ணீர் தேங்குமே, மூட்டைகளைப் பலகைமேல் வையுங்கள். மாமாவுக்கு இடுப்பு எப்படி இருக்கிறது? உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள் அக்கா. நான் தினமும் உங்களை நினைத்துக்கொள்கிறேன்.

தம்பி

•

ஆகஸ்ட் 18

தம்பிக்கு,

மாமாவும் நானும் இருக்கிறோம். இடம் மாறிவிட்டோம். பஸ் டெப்போவுக்குப் பின்னால் ஒரு ரூம். உறையின் பின்பக்கம் முகவரி எழுதியிருக்கிறேன்.

வீடு ஏலத்தில் போய்விட்டது. செருப்புக் கடைக்காரர் ஒருவர் எடுத்தார். இடித்துவிட்டுக் குடோன் கட்டப்போகிறாராம். முதல் பங்காக நாங்கள் கட்டியதைக் கடனில் வரவு வைத்துக்கொண்டு, மீதிக் கடன், வட்டி, நோட்டீஸ் செலவு எல்லாம் கழித்து மிச்சத்தைக் கையில் கொடுத்தார்கள். என் வீட்டை விற்கப்போகிறோம் என்று பேப்பரில் போட்ட விளம்பரத்துக்கான செலவும் என் தலையில்தான். மிச்சப் பணம் இந்த ரூமுக்கு முன்பணமாகவும் கொஞ்ச நாள் சாப்பாடாகவும் ஆகும்.

மில்லைக் கழற்றிக்கொண்டு போகலாம் என்று ஆள் கூட்டி வந்திருந்தேன். தரையில் போல்ட் போட்டு இறுக்கியதெல்லாம் கட்டடத்தோடு சேர்ந்ததாம், தொடக்கூடாது என்றார்கள். அந்த போல்ட்டை இறுக்கியது நீதான். அப்போது உனக்கு மீசைகூட முளைக்கவில்லை, இரண்டு கையாலும் ஸ்பானரைப் பிடித்துத் தொங்கினாய். தராசு, முறம், சல்லடைகள் இவற்றை எடுத்துக்கொள்ள விட்டார்கள். பத்துக்குப் பத்து ரூமில் அத்தனை பெரிய தராசை வைத்து என்ன செய்ய? சைக்கிள் கடையில் போட்டு வைத்திருக்கிறேன்.

வக்கீலம்மா ஒன்று சொன்னார். உன் கடன் என் வீட்டால் அடைந்துவிட்டதால், இனி வங்கி இருந்த இடத்தில் நான் நிற்கிறேனாம். வங்கிக்கு உன்மேல் இருந்த உரிமை எல்லாம் எனக்கு வந்துவிட்டதாம். உன்மேல் கேஸ் போடலாமாம், துறைமுகச் சாலை நிலத்தையும் கேட்கலாமாம். "வங்கி இடத்துல நின்னா மதியம் கதவைச் சாத்திட்டுச் சாப்பிடப் போகலாமா?" என்று கேட்டேன். அவர் சிரிக்கவில்லை. சீக்கிரம் முடிவு சொல்லுங்கள் என்று எழுதிக் காட்டினார். நான் இன்னும் ஒன்றும் சொல்லவில்லை. மாமா தினமும் காலையில் எழுந்ததும் என் முகத்தைப் பார்க்கிறார்.

உன் கையெழுத்து வராமல் போனதற்குக் காரணம் கேட்கப்போவதில்லை. குட்டி விழுந்தால் யாராவது பார்த்துக்கொண்டிருங்கள்.

அக்கா

•

செப்டம்பர் 9

மரியாதைக்குரிய அண்ணிக்கு,

உங்கள் தம்பி மனைவி எழுதுகிறேன். உங்களுக்கு நான் எழுதுவது இதுதான் முதல் தடவை. நலமா என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை.

போன வாரம் கிடங்கில் ஆட்களுக்கு அலமாரிகளை மாற்றிக் கொடுத்தார்கள். இவர் தன்னுடைய சாமான்களை ஒரு பையில் போட்டு வீட்டுக்குக் கொண்டுவந்தார். துவைக்க ஸ்வெட்டரை எடுத்தபோது அடியில் உங்கள் கடிதங்கள் இருந்தன. பிப்ரவரியில் வந்ததிலிருந்து ஒன்றுகூடப் பிரிக்கப்படவில்லை அண்ணி. ரப்பர் பேண்ட் போட்டு வரிசையாக அடுக்கி வைத்திருந்தார். நான் உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பிரித்துப் படித்தேன். குட்டி மடியில் தூங்கிக்கொண்டிருந்தாள். நோட்டீஸை நீங்களே ஒட்டினதைப் படித்தபோது அவளை எழுப்பிவிடுவேனோ என்று வாயைப் பொத்திக்கொண்டேன்.

நான் எப்போது கேட்டாலும், "அக்கா நல்லா இருக்காங்க, மில்லு நல்லா ஓடுது, கடிதம் வந்துச்சு" என்றுதான் சொல்வார். கடிதம் வந்தது என்பது மட்டும்தான் உண்மை.

அவர் வந்ததும் எல்லாவற்றையும் முன்னால் வைத்தேன்.

"ஏன் பிரிக்கலை?"

கடிதங்களை மறுபடி வரிசையாக அடுக்கினார். பிறகு, "பிரிச்சா பதில் சொல்லணுமே" என்றார்.

"கம்ப்ரஸர் எங்கே?"

"வித்துட்டேன். ஃபேக்டரி ஆளுங்களுக்குப் பாக்கிச் சம்பளம் குடுக்காம ஊரைவிட்டு எப்படிக் கிளம்பறது? மிச்சத்துலதான் நாம ரயில் ஏறினோம்."

"அக்கா வீடு போச்சு. தெரியுமா உங்களுக்கு?"

தெரியாது என்று தலையாட்டினார். கடைசிக் கடிதத்தைக் கையில் கொடுத்தேன். படித்தார். பிறகு ஜூன் மாதத்துக் கடிதத்தைப் படித்தார். அந்தப் படிவத்தை எடுத்துத் தரையில் விரித்துவைத்துக் குனிந்து உட்கார்ந்தவர், பேனா கேட்டார். நான் கொடுத்தேன். பென்சில் குறி போட்ட மூன்று இடத்திலும் கையெழுத்துப் போட்டார். மூன்றும் மூன்று விதமாக வந்திருக்கிறது. "இப்ப அனுப்பினா ஆகுமா?" என்று என்னிடம் கேட்கிறார். நான் என்ன சொல்லட்டும்?

அனுப்பு அனுப்பு என்று நச்சரித்ததால் இத்துடன் வைத்திருக்கிறேன். பிரயோஜனம் இல்லை என்று எனக்குத் தெரியும். அன்றிலிருந்து அவர் வேலைக்குப் போகிறார், வருகிறார். சாப்பாடு போட்டால் சாப்பிடுகிறார். உங்களுக்கு எழுதச் சொன்னால் பேனாவைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். என்னால் என்ன செய்ய முடியும் என்று சொல்லுங்கள், செய்கிறேன். இங்கே ஒரு பழச்சாறு கம்பெனியில் பாட்டில் கழுவும் வேலைக்குப் பெண்களை எடுக்கிறார்கள், சேரலாம் என்றிருக்கிறேன்.

அண்ணனுக்கு என் வணக்கம். எங்களைச் சபித்துவிடாதீர்கள்.

உங்கள் தம்பி மனைவி

•

செப்டம்பர் 26

(அஞ்சலட்டை)

தம்பிக்கு,

உறைக்குள் போட்டால் பிரிக்க மாட்டாய் என்பதால் கார்டில் எழுதுகிறேன். தபால்காரர் படிப்பார், உன் கிடங்கு வாட்ச்மேன் படிப்பார், அவர்களோடு சேர்ந்து நீயும் படித்துவிடு.

படிவம் கிடைத்தது. மனசு கேட்காமல் வங்கிக்கு எடுத்துப்போய்க் காட்டினேன். கண்ணாடிக்காரர் மூன்று கையெழுத்தையும் பார்த்தார். "பத்திரமா வச்சுக்கோங்கம்மா" என்று திருப்பிக் கொடுத்தார். வைத்திருக்கிறேன்.

ஆட்களுக்குச் சம்பளம் கொடுத்துவிட்டுத்தான் போனாய் என்று தெரிந்ததில் கொஞ்சம் நிம்மதி. என்னிடம் சொல்லியிருந்தால் நானே கொடுக்கச் சொல்லியிருப்பேன்.

மாமா இரண்டு நாளாகச் சாப்பிடவில்லை. நேற்று வக்கீலம்மாவிடம் போய்க் கேஸுக்குக் கையெழுத்துப் போட்டுவிட்டேன், உன்மேல். நிலமாவது வருமா என்று பார்க்க வேண்டும். எங்களுக்கு வேறு வழியில்லை. உன் மனைவி அந்த வேலையில் சேரட்டும், தண்ணீரில் நிற்க ரப்பர் செருப்பு வாங்கிக் கொடு.

கோர்ட்டிலிருந்து சம்மன் வரும். நீட்டு உறையில், பதிவுத் தபாலில். அதையாவது பிரித்துப் பார் கண்ணு. பிரிக்காவிட்டால் உனக்குப் பதிலாக யாரும் பேச மாட்டார்கள்.

குட்டிக்கு முத்தம்.

அக்கா